பொம்மைக்கு அஞ்சாத அவை

(தொலைக்காட்சி அரசியல் நையாண்டி குறித்து நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



அரசியல்வாதியைக் கேலி செய்யத் தொலைக்காட்சி வேண்டியதில்லை, டீக்கடை பெஞ்சு போதும். ஆனால் பெஞ்சில் பிறக்கும் கேலி கிளாஸைக் கழுவி வைப்பதற்குள் மறைந்துவிடும். தொலைக்காட்சியில் வரும் கேலியை அமைச்சரும் பார்க்கிறார், அவர் வீட்டாரும் பார்க்கிறார்கள், அடுத்த தேர்தலில் அவருக்கு ஓட்டுப் போடலாமா என்று யோசிப்பவரும் பார்க்கிறார். ஊரே சிரித்தது என்பது எல்லாருக்கும் தெரிந்துபோகிறது. ஆட்சியில் இருப்பவர்களுக்குத் தொலைக்காட்சி நையாண்டி என்றால் ஒரு தனிக் கவனம் வருவது இதனால்தான்.

எந்தக் கேலி அவர்களை உறுத்துகிறது, எந்தக் கேலி அவர்களுக்கு உள்ளூர இனிக்கிறது என்பதே இன்றைய பேச்சு. என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். தலைவருடைய மூக்கையும் குரலையும் நடையையும் கேலி செய்தால் பெரும்பாலும் தலைவர் வளர்கிறார். அவர் எதற்குக் கையைத் தூக்கினார், எப்போது வாயை மூடிக்கொண்டார், என்ன கையெழுத்துப் போட்டார் என்பதைக் கேலி செய்தால்தான் அவருக்குச் சுடுகிறது. இதைப் பார்க்க பிரிட்டனை எடுத்துக்கொள்கிறேன். அறுபது ஆண்டுக் கதை அங்கே தொடர்ச்சியாகக் கிடைக்கிறது. நாடாளுமன்றம் எதை அனுமதித்தது, எதைத் தடுத்தது என்பதற்கு எழுத்து வடிவில் விதிகளும் இருக்கின்றன.

1950களின் பிபிசி மிகப் பணிவான பிபிசி. அந்நாளில் அங்கே பதினான்கு நாள் விதி என்று ஒன்று இருந்தது. அடுத்த இரண்டு வாரங்களுக்குள் நாடாளுமன்றத்தில் விவாதத்துக்கு வரக்கூடிய எதைப் பற்றியும் வானொலியிலோ தொலைக்காட்சியிலோ விவாதிக்கக் கூடாது. 1944-இல் பிபிசி தனக்குத்தானே போட்டுக்கொண்ட கட்டுப்பாடு அது. 1955-இல் அரசு அதை முறையான உத்தரவாகவே ஆக்கியது. நாட்டில் எது சூடாக இருக்கிறதோ அதைப் பேசக் கூடாது, ஆறிய பிறகு பேசலாம் என்பது அதன் பொருள். மறு ஆண்டே சூயஸ் நெருக்கடி வந்தது. போர் மூண்டிருக்கும்போது பதினான்கு நாள் யார் காத்திருப்பார்கள்? 1956 டிசம்பரில் அந்த விதியை நிறுத்தி வைத்தார்கள்.

இதிலிருந்து ஏறக்குறைய ஆறே ஆண்டுகளில், 1962 நவம்பர் 24, சனிக்கிழமை இரவு, அதே பிபிசியில் 'தட் வாஸ் தி வீக் தட் வாஸ்' என்ற நிகழ்ச்சி தொடங்கியது. அந்த வாரச் செய்திகளைப் பாட்டாகவும் குறுநாடகமாகவும் ஆக்கிக் கிழிப்பதுதான் அதன் வேலை. தயாரிப்பாளர் நெட் ஷெரின். தொகுப்பாளர் டேவிட் ஃப்ராஸ்ட், கேம்பிரிட்ஜிலிருந்து வந்து அதிக காலம் ஆகாத இளைஞர். கேமராக்களும் கம்பிகளும் திரையில் தெரியத்தெரிய, எதையும் மறைக்காமல் நடத்தினார்கள். சனிக்கிழமை இரவு வெளியே போகிற பழக்கமுள்ள ஊரில் கோடிக்கு மேற்பட்டவர்கள் வீட்டிலிருந்து அதைப் பார்த்தார்கள்.

இரண்டு காட்சிகளைச் சொல்கிறேன். பிரிட்டிஷ் நாடாளுமன்றத்தின் மக்களவையான காமன்ஸ் சபையில் பல ஆண்டுகளாக வாயே திறக்காத உறுப்பினர்களை ஒருநாள் அவர்கள் பெயர் சொல்லிப் 'பாராட்டினார்கள்'. வேடம் இல்லை, குரல் மாற்றம் இல்லை. இன்னார், இன்ன தொகுதி, இவ்வளவு காலமாகப் பேசவில்லை. யார் வேண்டுமானாலும் அவைக்குறிப்பைப் புரட்டிச் சரிபார்க்கக்கூடிய தகவல். அதற்குத்தான் காமன்ஸ் சபையில் கொந்தளிப்பு வந்தது. அவையின் உரிமை மீறப்பட்டுவிட்டது என்று புகார் எழுந்தது.

இரண்டாவது, உள்துறை அமைச்சர் ஹென்றி புரூக் பற்றியது. பிரபலங்களை வரவழைத்து அவர்களுடைய வாழ்க்கையைப் புகழ்ந்து சொல்லும் தொலைக்காட்சி நிகழ்ச்சி ஒன்று அப்போது வந்துகொண்டிருந்தது. அதே பாணியில் புரூக்கின் வாழ்க்கையைச் சொன்னார்கள். புகழ்ச்சி நடையில் வந்தவையெல்லாம் அவர் பதவியில் இருந்து எடுத்த முடிவுகள். யாரை நாட்டில் இருக்க விட்டார், யாரை வெளியேற்றினார், அதனால் யாருக்கு என்ன ஆனது. கடைசியில், உள்துறை அமைச்சராக இருந்தால் கொலையே செய்தாலும் தப்பித்துக்கொள்ளலாம் என்ற பொருளில் ஒரு வரி. பார்த்தவர்கள் சிரித்தார்கள். சிரித்தபடியே அமைச்சரின் கோப்பையும் படித்து முடித்திருந்தார்கள்.

ஆளும் கட்சிக்காரர்கள் பலர் இதைத் தடுக்க வேண்டும் என்றார்கள். ஒலிபரப்புக்குப் பொறுப்பான அமைச்சர் நடவடிக்கை எடுக்கத் தயாரானார். பிரதமர் ஹெரால்ட் மேக்மில்லன் அவருக்கு ஒரு குறிப்பு அனுப்பினார்: என்னைக் கேட்காமல் எதுவும் செய்யாதீர்கள், நம்மைப் பார்த்துச் சிரிப்பது நல்லதுதான், கண்டுகொள்ளாமல் விட்டுவிடுவதைவிட இது மேல். சாரம் இதுதான். இதைப் பெருந்தன்மை என்று புகழ்கிறவர்கள் உண்டு. எனக்கு அதில் பெருந்தன்மையைவிடக் கணக்கு அதிகமாகத் தெரிகிறது. தன் மீசையையும் இழுத்துப் பேசும் பேச்சையும் நடிகர்கள் செய்துகாட்டுவதால் தான் சிறுத்துவிடவில்லை என்பதை அந்தக் கிழவர் கண்டுகொண்டிருந்தார். ஆனால் நிகழ்ச்சி நீடிக்கவில்லை. 1964 தேர்தல் ஆண்டு, நடுநிலை காக்க வேண்டும் என்ற காரணத்தைக் காட்டி, 1963 டிசம்பர் இறுதியில் பிபிசியே அதை முடித்துவைத்தது. தேர்தல் வரும்போதுதான் ஆட்சியைப் பற்றிய நினைவூட்டல் தேவைப்படும் என்பதை எல்லாரும் மறந்துவிட்டது போல.

இனி இருபது ஆண்டுகளைத் தாண்டிப் போவோம்.

1984 ஜனவரி. 'எஸ் மினிஸ்டர்' என்ற தொடர் அப்போது பிரிட்டன் முழுவதும் புகழ் பெற்றிருந்தது. ஓர் அமைச்சரை அவருடைய செயலாளரே எப்படிச் சுற்றி வளைத்து ஒன்றும் செய்யவிடாமல் வைத்திருக்கிறார் என்பதுதான் கதை. அதற்கு ஒரு விருது விழா. பிரதமர் மார்கரெட் தாட்சர் தாமே மேடை ஏறி, தொடரின் இரண்டு நடிகர்களையும் தம்மோடு நிறுத்தி, தமக்கென்று எழுதி வந்திருந்த குறுநாடகத்தை நடித்தார். பொருளாதார நிபுணர்களை ஒழித்துவிடுங்கள் என்று பிரதமர் கட்டளையிட, அமைச்சரும் செயலாளரும் திணறுவதுதான் அதில் வேடிக்கை. தொடரை எழுதிய இருவரில் ஒருவரான ஜோனதன் லின் விருதைப் பெற்றுக்கொண்டு, நகைச்சுவைத் தொடர் உலகில் தமக்குரிய இடத்துக்குக் கடைசியில் வந்து சேர்ந்த பிரதமருக்கு நன்றி சொன்னார். கூடம் அதிர்ந்தது. ஆனாலும் மறுநாள் செய்தி தாட்சரின் பக்கமே நின்றது. கேலி செய்பவரின் மேடையில் கேலிக்குரியவரே வந்து நடித்துவிட்டால், இனி யாரைக் கேலி செய்வது?

அதற்கு அடுத்த மாதம், பிப்ரவரி 26-இல், ஐடிவியில் 'ஸ்பிட்டிங் இமேஜ்' வந்தது. பத்திரிகைகளுக்குக் களிமண்ணில் கேலி உருவங்கள் செய்து படம் பிடித்துக் கொடுத்துக்கொண்டிருந்த பீட்டர் ஃப்ளக், ரோஜர் லா என்ற இரண்டு கலைஞர்கள் அந்த உருவங்களை ரப்பர் நுரையில் வார்த்து அசைய வைத்தார்கள். பொம்மைக்குள் கை விட்டு இயக்குபவர்கள் கீழே மறைந்திருப்பார்கள். குரல் கொடுப்பவர்கள் வேறு ஆட்கள். தாட்சருக்குக் குரல் கொடுத்தவர் ஸ்டீவ் நாலன் என்ற ஆண். எழுத்தாளர்கள் கடைசி நிமிடம் வரை அன்றைய செய்தியைப் பார்த்து எழுதிக்கொண்டிருப்பார்கள். 1996 வரை பன்னிரண்டு ஆண்டுகள் ஓடியது.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்க வேண்டும். காமன்ஸ் சபைக்குள் தொலைக்காட்சிக் கேமரா நுழைந்தது 1989 நவம்பர் 21-இல்தான். 1978-இலிருந்து வானொலியில் சபையின் குரலைக் கேட்கலாம். முகத்தைப் பார்க்க முடியாது. ஆக, தங்கள் காமன்ஸ் சபை கூடி நடப்பதைத் திரையில் ஐந்து ஆண்டுக் காலம் மக்கள் பார்த்தது பொம்மைகளின் வழியாகத்தான். அசல் வருவதற்கு முன்பே நகல் மனத்தில் பதிந்துவிட்டது.

அந்தப் பொம்மைகள் என்ன செய்தன? தாட்சர் பொம்மை ஆண்கள் அணியும் கோட்டும் சூட்டும் போட்டு, சுருட்டுப் பிடித்து, அமைச்சர்களை அறைந்து உட்கார வைத்தது. உணவகக் காட்சி ஒன்று பலருக்கு இன்றும் நினைவிருக்கிறது. அமைச்சரவையோடு சாப்பிட வந்த தாட்சர் தமக்கு இறைச்சி கேட்கிறார். காய்கறிகளுக்கு என்ன என்று பரிமாறுபவர் கேட்க, தம் அமைச்சர்களைப் பார்த்தபடி, அவர்களுக்கும் அதேதான் என்கிறார். நல்ல நகைச்சுவை. ஆனால் சிரித்து முடித்த பிறகு பார்வையாளர் மனத்தில் நிற்பது என்ன? இந்த அம்மாவுக்கு முன்னால் ஆண்கள் எல்லாரும் வெறும் கத்தரிக்காய் என்பது. இதைத் தேர்தல் சுவரொட்டியில் போட்டிருந்தால் தாட்சரின் கட்சிக்காரர்கள் மறுத்திருக்க மாட்டார்கள். 1987 தேர்தலில் அவருடைய கட்சி 102 இடப் பெரும்பான்மையோடு திரும்பி வந்தது. 1990-இல் அவரை வீழ்த்தியவர்கள் பொம்மலாட்டக்காரர்கள் அல்லர். தலைவரிப் பிரச்சினையிலும் ஐரோப்பா பற்றிய சண்டையிலும் வெறுத்துப்போன சொந்தக் கட்சி உறுப்பினர்கள்தான்.

அடுத்து வந்த ஜான் மேஜருக்கு உடம்பெல்லாம் சாம்பல் நிறத்தில் ஒரு பொம்மை. மனைவியோடு உட்கார்ந்து பட்டாணி சாப்பிட்டுக்கொண்டே இருக்கும். உப்புச்சப்பில்லாத மனிதர் என்று நாடே சிரித்தது. 1992 தேர்தலில் அவருடைய கட்சிக்குக் கிடைத்த வாக்குகள் 1 கோடியே 40 லட்சத்துக்கும் மேல். அதுவரை பிரிட்டனில் எந்தக் கட்சியும் எந்தத் தேர்தலிலும் வாங்கியிராத எண்ணிக்கை.

அப்படியானால் பொம்மைகள் யாரையுமே காயப்படுத்தவில்லையா? ஒருவரைக் காயப்படுத்தின. லிபரல் கட்சியின் டேவிட் ஸ்டீல். அவருடைய கட்சி அப்போது சமூக ஜனநாயகக் கட்சியோடு கூட்டணி வைத்திருந்தது. அந்தக் கட்சியின் தலைவர் டேவிட் ஓவன். நிகழ்ச்சியில் ஓவன் முழு ஆள், ஸ்டீல் அவருடைய சட்டைப்பையிலிருந்து எட்டிப் பார்க்கும் கட்டைவிரல் அளவு பொம்மை. அது தமக்குப் பெரும் கேடு செய்தது என்று ஸ்டீலே பிற்காலத்தில் சொன்னார். இப்போது கணக்கைப் பாருங்கள். 1983 தேர்தலில் அந்தக் கூட்டணி வென்ற இடங்கள் 23. அதில் ஸ்டீலின் கட்சிக்கு 17, ஓவனின் கட்சிக்கு 6. யார் யாருடைய பையில் இருந்தார்கள்? பொம்மை உண்மையைத் தலைகீழாக நிறுத்தியது, மக்கள் நம்பினார்கள்.

நையாண்டியை நேசிக்கிற நாம் ஒப்புக்கொள்ள வேண்டிய இடம் இது. கேலி என்பதாலேயே ஒன்று உண்மையாகிவிடாது. வலிமையானவரை மேலும் வலிமையாக்கவும், மென்மையாகப் பேசுகிறவரைக் கோமாளியாக்கவும் அதனால் முடியும். முகத்தை வைத்துச் செய்யும் கேலிக்குக் கணக்குப் பார்க்கும் பழக்கம் கிடையாது. உறுப்பினர்கள் பலர் தங்களுக்கும் ஒரு பொம்மை வர வேண்டும் என்று ஏங்கியதாகச் சொல்வார்கள். பொம்மை வந்துவிட்டால் பெரிய ஆள் ஆகிவிட்டோம் என்று அர்த்தம். தண்டனை என்று நினைத்து நாம் கொடுப்பதை அவர்கள் பட்டமாக வாங்கிக்கொண்டார்கள்.

பொம்மைக்கு அஞ்சாத அவை எதற்கு அஞ்சியது என்று பார்ப்போம். தன்னுடைய சொந்தப் படத்துக்கு.

1989-இல் கேமராவை உள்ளே விட்டபோது காமன்ஸ் சபை கறாரான விதிகளோடுதான் விட்டது. பேசுகிறவரின் தலையும் தோளும் தெரியலாம். அவையில் அமளி என்றால் கேமரா உடனே சபாநாயகரின் முகத்துக்குத் திரும்பிவிட வேண்டும். இந்தக் காட்சி நமக்கும் புதிதல்ல. கேமரா முன்னால் முதல் நாள் பேசியவர்களில் ஒருவரான இயன் கோ, கேமரா வருவதையே விரும்பாதவர். உறுப்பினர்களைத் தொலைக்காட்சிக்குத் தயார்ப்படுத்துகிறோம் என்று ஒரு நிறுவனம் அனுப்பிய கடிதத்தை அவர் அவையில் எடுத்துச் சொன்னார். பார்ப்பவர் மனத்தில் படியும் எண்ணத்தில் 55 விழுக்காடு தோற்றத்தால், 38 விழுக்காடு குரலாலும் உடல்மொழியாலும், என்ன பேசுகிறீர்கள் என்பதால் வெறும் 7 விழுக்காடு. அவை சிரித்தது. அந்தக் கணக்கு சரியோ தப்போ, அதற்குப் பிந்திய அரசியலும் பெரும்பாலான நையாண்டியும் அந்த 93-இலேயே புழங்கி, 7-ஐத் தொடாமல் விட்டன.

கேமராவோடு இன்னொரு நிபந்தனையும் வந்தது. நாடாளுமன்றக் காட்சிகளைச் செய்தியில் காட்டலாம், நையாண்டி நிகழ்ச்சியில் காட்டக் கூடாது. பிரதமரைப் போல ரப்பரில் பொம்மை செய்து அதற்குக் கழுதைக் காது வைக்கலாம். பிரதமர் அவையில் உண்மையாகவே சொன்ன பதிலை நகைச்சுவை நிகழ்ச்சியில் ஒளிபரப்பக் கூடாது. 2011 ஜூலையில், தொலைபேசி ஒட்டுக்கேட்பு விவகாரத்துக்காகப் பத்திரிகை முதலாளி ரூபர்ட் மர்டாக் நாடாளுமன்றக் குழுவின் முன் வந்து பதில் சொன்னார். அந்தக் காட்சியை வைத்து அமெரிக்காவின் நையாண்டி நிகழ்ச்சியான 'டெய்லி ஷோ' ஓர் அத்தியாயம் செய்தது. உலகம் பார்த்தது, பிரிட்டனில் மட்டும் அது ஒளிபரப்பாகவில்லை. அமெரிக்காவில் நிகழ்ச்சி நடத்தும் ஆங்கிலேயர் ஜான் ஆலிவருக்கும் இதே சிக்கல். அவர் பிரிட்டனுக்குப் போகும் பிரதியில் நாடாளுமன்றக் காட்சியை வெட்டிவிட்டு, அந்த இடத்தில் ஒரு நகைச்சுவை நடிகரை உட்கார வைத்து, எங்கோ அமெரிக்காவில் இருக்கும் உணவகங்களைப் பற்றிய வாடிக்கையாளர் கருத்துகளைக் கரகரத்த குரலில் படிக்க வைத்தார். தடை செய்த காட்சியைவிடத் தடை பெரிய நகைச்சுவையாகிவிட்டது.

நியூசிலாந்து நாடாளுமன்றம் 2007-இல் இன்னும் வெளிப்படையாக ஒரு விதி போட்டது: அவைக் காட்சிகளை நையாண்டிக்கோ, ஏளனத்துக்கோ, இழிவுபடுத்தவோ பயன்படுத்தக் கூடாது. தூங்கும் உறுப்பினரையும் விரலைக் காட்டும் உறுப்பினரையும் படம் எடுத்து ஒளிபரப்பியதால் வந்த கோபம் அது. தூங்குவதை நிறுத்துவது ஒரு வழி, தூங்குவதைக் காட்டுவதை நிறுத்துவது இன்னொரு வழி. அவை இரண்டாவதைத் தேர்ந்தது. பத்து ஆண்டுகள் கழித்து அந்தத் தடையைக் கைவிட்டது.

வேறு ஒரு வகையையும் பாருங்கள். 1997-இல் சேனல் 4-இல் கிறிஸ் மாரிஸ் நடத்திய 'பிராஸ் ஐ'. 'கேக்' என்று ஒரு புதிய போதைப்பொருள் பரவுகிறது என்று கதை கட்டினார்கள். அப்படி ஒன்று உலகில் இல்லை. மூளையில் அது பாதிக்கும் பகுதி என்று சொன்னதும் கட்டுக்கதை. பிரபலங்கள் அந்த மஞ்சள் மாத்திரையைக் கையில் பிடித்துக்கொண்டு கேமராவுக்கு முன் நாட்டை எச்சரித்தார்கள். நாடாளுமன்ற உறுப்பினர் ஒருவர் அதோடு நிற்காமல் அவையிலேயே அதைப் பற்றி எழுத்து மூலம் கேள்வி கேட்டார், உள்துறையிலிருந்து பதிலும் வந்தது. பதிவேட்டில் இன்றும் இருக்கிறது. அந்த உறுப்பினர் இப்போது உயிரோடு இல்லை, பெயர் நமக்கு வேண்டாம். அவர் நல்லெண்ணத்தோடு கேட்ட கேள்விதான் அது. அந்த நிகழ்ச்சி எந்தத் தலைவரின் குரலையும் நடித்துக்காட்டவில்லை. கையில் கொடுத்ததை விசாரிக்காமல் மக்கள் பிரதிநிதிகள் வாசிப்பார்கள் என்பதை நிரூபித்துக்காட்டியது. மாரிஸ் எழுதிய பொய்யை விடவும் அவை எழுதிய பதில்தான் அதில் உச்சக்கட்ட நகைச்சுவை.

பிரிட்டன் என்பதால் இவ்வளவும் நடந்தது, வேறு இடத்தில் பொம்மைக்கே கழுத்தை நெரிப்பார்கள் என்று நீங்கள் சொல்லலாம். நியாயம். ரஷ்யாவைப் பார்ப்போம். 1994 இறுதியில் என்டிவி அலைவரிசையில் 'கூக்லி' தொடங்கியது. 'பொம்மைகள்' என்றே பெயர். எழுத்தாளர் விக்டர் ஷெண்டரோவிச். 1995-இல் ஓர் அத்தியாயத்தில் அதிபர் யெல்ட்சினையும் சகாக்களையும் தெருவில் அலையும் ஏழைகளாகக் காட்டினார்கள். அரசின் தலைமை வழக்கறிஞர் பொறுப்பில் இருந்தவர் குற்ற வழக்கே தொடுத்தார். சில மாதங்களில் வழக்கைக் கைவிட்டார்கள், வழக்குத் தொடுத்தவர் பதவியை இழந்தார். பொம்மைகள் பிழைத்தன.

2000 ஜனவரியில் அதே நிகழ்ச்சி விளாதிமிர் புதினை, ஹாஃப்மன் என்ற ஜெர்மானிய எழுத்தாளரின் பழைய கதையில் வரும் குள்ளனாகக் காட்டியது. அந்தக் கதையில் ஒரு தேவதை மந்திரம் போட்டுவிடுவதால், விகாரமான குள்ளனை ஊரே அழகன் என்று கொண்டாடும். புதின் படித்த பீட்டர்ஸ்பர்க் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்தவர்கள் இதற்குத் தண்டனை வேண்டும் என்று கடிதம் எழுதினார்கள். அதன் பின் புதின் பொம்மையே வரக் கூடாது என்ற நெருக்கடி வந்தது. ஷெண்டரோவிச் பொம்மையை எடுத்துவிட்டு எழுதினார். புதினின் இடத்தில் கடவுள்; உருவம் தெரியாது, மேகத்திலிருந்து கட்டளை மட்டும் வரும், கீழே இருப்பவர்கள் நடுங்குவார்கள். முகம் போன பிறகு நையாண்டி இன்னும் கூர்மையாயிற்று, ஏனென்றால் மிச்சம் இருந்தது அதிகாரம் நடந்துகொள்ளும் விதம் மட்டுமே. 2001 ஏப்ரலில் அரசின் கட்டுப்பாட்டில் இருந்த எரிவாயு நிறுவனம் காஸ்ப்ரோம் என்டிவியைத் தன் பிடிக்குள் கொண்டுவந்தது. ஷெண்டரோவிச் வெளியேறினார், நிகழ்ச்சி 2002-இல் முடிந்தது. ஆகவே முகக் கேலி எல்லா இடத்திலும் பாதுகாப்பானது என்று நான் சொல்லவில்லை. சிரிப்பைத் தாங்க முடியாத ஆட்சி எந்தச் சிரிப்பையும் தாங்காது. மேக்மில்லனின் கணக்கைப் போடத் தெரிந்த ஆட்சிகளில்தான் நமக்கு இந்த நுணுக்கம் தேவைப்படுகிறது.

நம் ஊருக்கு இதில் ஓர் உறவு உண்டு. சட்டமன்றங்களின் சிறப்புரிமைகளைச் சொல்லும் 194-ஆம் பிரிவை அரசியலமைப்புச் சட்டத்தில் எழுதியபோது, அவற்றுக்கு அளவுகோலாக வைத்தது பிரிட்டிஷ் காமன்ஸ் சபையின் உரிமைகளைத்தான். 1963-இல் லண்டனில் வாய் திறக்காத உறுப்பினர்களுக்காகத் தூக்கிய அதே உரிமை மீறல் ஆயுதம் கடல் கடந்து இங்கேயும் வந்து சேர்ந்திருந்தது. 1987-இல் ஆனந்த விகடன் அட்டையில் ஒரு கார்ட்டூன். மேடையில் இருப்பவர்களில் யார் எம்.எல்.ஏ., யார் மந்திரி என்பதை அடையாளம் சொல்லும் நகைச்சுவை. ஒருவர் ஜேப்படிக்காரரைப் போல இருப்பார், இன்னொருவர் கொள்ளைக்காரரைப் போல இருப்பார். யார் பெயரும் இல்லை. அதற்கு ஆசிரியர் எஸ். பாலசுப்ரமணியனுக்கு மூன்று மாதக் கடுங்காவல் என்று சட்டமன்றம் தீர்ப்புச் சொன்னது. சபாநாயகர் இருக்கையில் இருந்தவர் பி.எச். பாண்டியன். நாடெங்கும் எதிர்ப்பு எழுந்ததும் சில நாட்களிலேயே அவரை விடுவித்தார்கள். பின்னர் 1994-இல் சென்னை உயர் நீதிமன்றம் அவருக்கு அடையாள இழப்பீடாக 1,000 ரூபாய் கொடுக்கச் சொன்னது.

அந்தக் கார்ட்டூன் எல்லாரும் திருடர்கள் என்கிற பொத்தாம்பொதுவான கேலி வகை. வேறு ஒரு வாரமாக இருந்தால் வாசகர் சிரித்துவிட்டுப் பக்கத்தைப் புரட்டியிருப்பார். அவை தண்டனை கொடுத்ததால்தான் அது வரலாறு ஆனது. சிரிப்பில் குறிப்பாக எதுவும் இல்லாத இடத்தில், ஒரு குறிப்பான செயலை அவையே கொண்டுவந்து சேர்த்தது.

இன்று நம் தொலைக்காட்சியில் அரசியல் நகைச்சுவைக்குப் பஞ்சம் இல்லை, ஆனால் பெரும்பாலும் அது பலகுரல். ஒரு கரகரப்பு, ஒரு தோள் துண்டு, ஒரு கறுப்புக் கண்ணாடி, அரங்கம் கைதட்டும், கேலிக்கு ஆளான தலைவரும் அடுத்த மேடையில் அந்தக் கலைஞரைக் கட்டிப்பிடித்துக்கொள்வார். விஜய் தொலைக்காட்சியின் 'லொள்ளு சபா' ஒரு தலைமுறையையே சிரிக்க வைத்தது. பெயரில் சபை இருந்தது, உள்ளே இருந்தது சினிமா. அது குறை இல்லை, சினிமாவை அவ்வளவு துல்லியமாகப் பிரித்துப்போட்ட நிகழ்ச்சி வேறு கிடையாது. ஒரு படத்தின் ஒவ்வொரு காட்சியையும் வசனத்தையும் மனப்பாடமாக வைத்திருந்தவர்கள் எழுதியதால் வந்த துல்லியம் அது. அதே உழைப்பை ஒரு பட்ஜெட் கூட்டத்தொடருக்குக் கொடுத்துப் பாருங்கள் என்பதுதான் என் கோரிக்கை.

கடைசியாக, நையாண்டியால் என்ன பயன் என்ற கேள்வி. 1962-இல் பிபிசியின் தலைமை இயக்குநராக இருந்து 'தட் வாஸ் தி வீக் தட் வாஸ்' நிகழ்ச்சிக்கு இடம் கொடுத்த ஹியூ கிரீன், 1930களில் பெர்லினில் நிருபராக இருந்தவர். நாஜிகள் வருவதற்கு முன்னும் பின்னும் அங்கே நடந்த அரசியல் கேலிக் கச்சேரிகளின் பெருமை அறிந்தவர். அந்த நிகழ்ச்சி வந்த காலத்தில் லண்டனில் நையாண்டிக்கென்றே விடுதி திறந்த நகைச்சுவைக் கலைஞர் பீட்டர் குக், ஹிட்லரைத் தடுத்து நிறுத்துவதில் அந்தக் கச்சேரிகள் ஆற்றிய பெரும் பணியைப் பற்றி முகத்தை இறுக்கமாக வைத்துக்கொண்டு பேசுவார். கேட்டவர்களுக்குப் புரிந்தது. ஹிட்லர் நிற்கவில்லை.

சிரிப்பு ஆட்சியைக் கவிழ்க்காது. அதை அதனிடம் எதிர்பார்ப்பதும் அநியாயம். ஆனால் அது இரண்டில் ஒன்றைச் செய்யும். எல்லாரும் ஒரே குட்டையில் ஊறிய மட்டைகள் என்று சொல்லித் தரும் கேலி, பார்ப்பவரை அறிவாளியாக உணர வைத்துச் சோம்பேறியாக்குகிறது. எல்லாரும் திருடர் என்றால் பெரிய திருடருக்குத்தான் லாபம், ஏனென்றால் அவர் கூட்டத்தில் மறைந்துவிடுகிறார். வேடிக்கை நிகழ்ச்சிகளில் தடுமாறித் தடுமாறிப் பேசி நாட்டின் செல்லப்பிள்ளையான போரிஸ் ஜான்சன், சிரித்தவர்களின் தயவில் லண்டன் மேயராகவும் பிறகு 2019-இல் பிரதமராகவும் ஆனதை நாம் பார்த்தோம். மறுபக்கம், இன்னார் இவ்வளவு காலம் பேசவில்லை, இன்னார் இந்த மசோதாவுக்கு இப்படி வாக்களித்துவிட்டு வெளியே வந்து இப்படிச் சொன்னார் என்று பிரித்துச் சொல்லும் கேலி இருக்கிறது. அது நல்லவரையும் பொல்லாதவரையும் ஒன்றாகக் கட்டிப்போடாது. அது எதிராளிக்குச் சிரித்துக்கொண்டே கட்டிப்பிடிக்க வழி வைக்காது. மறுக்க வேண்டும், அல்லது விளக்க வேண்டும், அல்லது அடுத்த முறை அவையில் வாயைத் திறக்க வேண்டும்.

இந்த அரங்கில் எழுதும் ஆர்வத்தோடு வந்திருக்கும் இளைஞர்கள் பலரைப் பார்க்கிறேன். குரல் பழகுவது நல்லது, விட்டுவிடாதீர்கள். அதோடு சட்டமன்றத்திலும் நாடாளுமன்றத்திலும் ஒரு நாள் நடந்ததை முழுதாக வாசியுங்கள். எந்தக் கேள்விக்கு எந்தப் பதில் வந்தது, யார் எழுந்து நின்றார், யார் எழவில்லை, எந்த மசோதா எத்தனை நிமிடத்தில் நிறைவேறியது என்று குறித்துக்கொள்ளுங்கள். நீங்கள் கற்பனை செய்வதைவிட வேடிக்கையான வசனங்களை உங்கள் பிரதிநிதிகள் ஏற்கெனவே எழுதிக் கொடுத்திருப்பார்கள். அவற்றை அப்படியே மேடையேற்றுங்கள். நிகழ்ச்சி முடிந்ததும் அந்தத் தலைவர் உங்களோடு செல்ஃபி எடுக்க வந்தால் எங்கோ தவறிவிட்டீர்கள் என்று வையுங்கள். அந்தப் பதிலை நான் எந்தச் சூழலில் சொன்னேன் தெரியுமா என்று விளக்கம் கொடுக்க வந்தால், அடுத்த வாரத்துக்கும் எழுதத் தொடங்கிவிடுங்கள்.